சைகை மொழியும் கொங்கு நாடும்

குறுந்தொகையின் 58ஆம் பாடலில் வெள்ளிவீதியார் ஒரு காட்சியை அமைக்கிறார். ஞாயிறு காயும் வெம்பாறை. அதன்மேல் உருகத் தொடங்கிய வெண்ணெய். அதற்குக் காவலாக இருப்பவனோ வாய் பேசாதவன், கையும் இல்லாதவன். கண்ணால் பார்த்திருப்பதன்றி அவனால் ஆவது ஒன்றுமில்லை. தன்னைக் கடிந்துரைக்கும் பாங்கனுக்குத் தலைவன் தன் காதல் நோயின் தன்மையை இவ்வுவமையால் உணர்த்துகிறான். இவ்வுவமையின் நயம் தமிழறிந்தார் அனைவருக்கும் தெரிந்ததே. அதில் அடங்கியுள்ள மற்றோர் உண்மை அவ்வளவாகப் பேசப்பட்டதில்லை. காவலனைப் பேச்சற்றவனாக மட்டும் படைத்திருந்தால் உவமை நிறைவு பெற்றிருக்காது. கையிருந்தால் அவன் வெண்ணெயை எடுத்து நிழலில் வைத்திருப்பான். தொலைவில் செல்வோரைக் கைகாட்டி அழைத்துச் செய்தியைத் தெரிவித்தும் இருப்பான். ஆதலின் புலவர் கையையும் நீக்கினார். பேச்சற்றவனுக்குக் கையே நா என்பதை அவர் அறிந்திருந்தார்.

சங்க இலக்கியத்தில் இதற்கு மாறான நோக்கும் உண்டு. சோழன் நலங்கிள்ளிக்கு உறையூர் முதுகண்ணன் சாத்தனார் பாடிய புறநானூற்று 28ஆம் பாட்டு, மக்கட் பிறப்பில் நேரும் எண்வகைக் குறைகளை அடுக்குகிறது. பேசாமையும் கேளாமையும் அவ்வரிசையில் தனித்தனியே இடம்பெறுகின்றன. குறையென எண்ணிப் பட்டியலிடும் பார்வை ஒன்று. கையை நாவாக அறியும் பார்வை மற்றொன்று. ஈராயிரம் ஆண்டுகளாக முன்னதே ஓங்கி நின்றது. செவிப்புலனற்றோரின் வரலாறு எழுதப்பட்ட இடங்களிலும் அது மருத்துவத்தின் வரலாறாகவோ அறப்பணியின் வரலாறாகவோ எழுதப்பட்டதே மிகுதி. அவர்தம் வரலாறு ஒரு மொழியின் வரலாறும் ஆகும். அம்மொழி அகராதி கண்ட வரலாற்றில் கோவையை அடுத்த பெரியநாயக்கன்பாளையத்துக்கு ஓர் இடம் உண்டு. கொங்கு நாட்டு இலக்கிய அன்பர்கள் அறிந்து பெருமைகொள்ளத்தக்க செய்தி இது.

பெயரும் பொருளும்

ஒரு சமுதாயத்தை உலகம் எப்பெயரால் அழைக்கிறது என்பதிலேயே அதன் மதிப்பு வெளிப்பட்டு விடுகிறது. "செவிடன் காதில் ஊதிய சங்கு", "ஊமை கண்ட கனா" ஆகிய பழமொழிகள் இரண்டும் பயனின்மையையும் இயலாமையையும் குறிப்பவை. கேட்கும் செல்வத்தைச் செல்வங்களுள் தலையாயதாக வைத்துக் கேள்வி என்னும் அதிகாரம் வகுத்த வள்ளுவரும், கேள்வியறிவு நுழையாத செவியைக் கேளாச் செவி என்றே கருதினார். அவரே குறிப்பறிதல் என்னும் ஒரே பெயரில் பொருட்பாலில் ஒன்றும் காமத்துப்பாலில் ஒன்றுமாக இரண்டு அதிகாரங்கள் வகுத்து, முகமும் கண்ணும் சொல்லின்றிப் பேசுவதையும் பாடியிருப்பது எண்ணத்தக்கது.

ஆங்கிலேயர் காலத்தில் ஏற்பட்ட பள்ளிகள் செவிடு, ஊமை என்னும் இரு சொற்களையும் இணைத்தே தம் பெயர்ப்பலகைகளில் பொறித்தன. பின்னர் ஊனமுற்றோர் என்னும் சொல் வழங்கியது. 2010ஆம் ஆண்டில் தமிழக அரசு அதனை விடுத்து மாற்றுத்திறனாளிகள் என்னும் சொல்லை ஏற்றது. சட்டங்களோ செவிப்புலனை டெசிபல் கணக்கில் அளந்தன. நல்ல செவியில் 60 டெசிபலும் அதற்கு மேலும் இழப்புடையோரை 1995ஆம் ஆண்டுச் சட்டம் செவித்திறன் குறையுடையோர் என வகுத்தது. 2016ஆம் ஆண்டுச் சட்டம் இரு செவிகளிலும் 70 டெசிபல் இழப்புடையோரைக் காது கேளாதோர் என்றும், 60 முதல் 70 வரை இழப்புடையோரைச் செவிக்குறையுடையோர் என்றும் பிரித்தது. சலுகைகளை வழங்குவதற்கு இத்தகைய அளவுகோல் வேண்டற்பாலதே. ஆயினும் ஒருவன் எவ்வளவு கேட்கிறான் என்பதை அளக்கும் கருவி, அவன் எம்மொழியில் சிந்திக்கிறான், யாரோடு கூடி மகிழ்கிறான் என்பதை அளப்பதில்லை. செவிப்புலனற்றோர் தம்மை ஒரு மொழிச் சமுதாயமாக உணர்வது இந்த இரண்டாவது அளவையால்தான்.

2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, இந்தியாவில் செவித்திறன் குறையுடையோர் ஏறத்தாழ 50 இலட்சத்து 71 ஆயிரம் பேர் என்றும், பேச்சுத்திறன் குறையுடையோர் ஏறத்தாழ 20 இலட்சம் பேர் என்றும் காட்டியது. அவர்களுள் முதுமையில் செவி மங்கியோரும் அடங்குவர். அனைவரும் சைகை மொழியினர் அல்லர். உடற்குறைப் பகுதியில் இவர்கள் எண்ணப்பட்டனர். மொழிப் பகுதியில் இவர்களுடைய மொழி எண்ணப்படவில்லை.

மிலானும் பாளையங்கோட்டையும்

பிரான்சு நாட்டின் பாரிசு நகரில் 18ஆம் நூற்றாண்டின் இடைப்பகுதியில் அருட்தந்தை தெ லெப்பே என்பவர், செவிப்புலனற்றோர் தமக்குள் வழங்கிய சைகைகளைக் கற்று அவற்றின் வாயிலாகவே அவர்களுக்குக் கல்வி அளித்தார். அம்முறை ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பரவியது. கற்றறிந்த செவிப்புலனற்றோர் ஆசிரியர்களாகவும் இதழாசிரியர்களாகவும் விளங்கினர். இந்நிலையை 1880ஆம் ஆண்டு மாற்றியது. அவ்வாண்டு செப்டம்பரில் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய ஆசிரியர் மாநாடு, பள்ளிகளில் சைகை கூடாது, வாய்ப்பேச்சே பயிற்றப்பட வேண்டும் எனத் தீர்மானித்தது. அங்கே வாக்களித்தவர்களில் ஏறக்குறைய எல்லாருமே கேட்கும் திறனுடையோர். எவருடைய மொழி விலக்கப்பட்டதோ அவர்கள் அவையில் இல்லாத குறையே மிகுதி. அதன்பின் பல நாடுகளில் சைகை மொழி வகுப்பறையிலிருந்து வெளியேற்றப்பட்டது. கையசைத்த மாணவர்களின் கைகள் தண்டிக்கப்பட்டன.

இந்தியாவில் மும்பைப் பள்ளி 1880களின் நடுவிலும் கொல்கத்தாப் பள்ளி 1893இலும் தோன்றின. மிலான் தீர்மானத்தின் நிழல் படிந்த காலம் அது. அவை வாய்ப்பேச்சு முறைக்கே முதன்மை அளித்தன. தமிழகத்தின் தென்கோடியில் வேறொரு நிகழ்ச்சி நடந்தது. பாளையங்கோட்டையில் சமயப்பணி ஆற்றிவந்த புளோரன்சு ஸ்வெயின்சன் அம்மையார், செவிப்புலனற்ற சிறுவர் சிறுமியர்க்கு 1897இல் ஒரு பள்ளியை நிறுவினார். அங்கே சைகையும் விரலெழுத்தும் கல்விக்குக் கருவியாயின. ஐரோப்பாவின் அறிஞர்கள் கையைக் கட்டிக்கொண்டிருந்த காலத்தில் பொருநைக் கரையில் கைகள் பேசின என்பது தமிழகக் கல்வி வரலாற்றில் பொன்னெழுத்தால் பொறிக்கத்தக்கது. அம்மையாரின் பெயர் தாங்கிய அப்பள்ளி நூற்றாண்டைக் கடந்து நிற்கிறது.

எனினும் 20ஆம் நூற்றாண்டில் தமிழகப் பள்ளிகள் பலவும் வாய்ப்பேச்சு முறையையே பின்பற்றின. ஆசிரியரின் உதட்டசைவைக் கூர்ந்து நோக்கிச் சொல்லை ஊகித்தலும், கன்னத்திலும் கழுத்திலும் கைவைத்து அதிர்வை உணர்ந்து ஒலியெழுப்பப் பழகுதலும் பாடத்தின் பெரும்பகுதியாயின. தமிழில் பகரமும் மகரமும் உதட்டில் ஒன்றுபோலவே தோன்றும். பல், மல் என்னும் ஒலிகளைக் கண்ணால் வேறுபடுத்தல் அரிது. ககரமோ அடிநாவில் பிறந்து உதட்டுக்கு வாராமலே மறைந்துவிடும். எழுத்துகளின் பிறப்பிடத்தைத் தொல்காப்பியம் பிறப்பியலில் வகுத்துரைக்கிறது. அவற்றுள் இதழில் நிகழ்வன சிலவே, வாய்க்குள் நிகழ்வன பல. பத்தாண்டு முயன்றும் சில நூறு சொற்களோடு நின்றுவிட்ட மாணவர்களைக் குறை கூறுதல் முறையன்று. செவியின் வழியே வரவேண்டிய மொழியைக் கண்ணின் வழியே புகுத்த முயன்றதில் இருந்தது இடர்ப்பாடு.

தாய் தராத தாய்மொழி

செவிப்புலனற்ற குழந்தைகளில் பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்டோர் கேட்கும் பெற்றோருக்கே பிறக்கின்றனர். உலகெங்கும் காணப்படும் இந்த உண்மை, மொழிப்பற்று மிக்க தமிழரை ஆழ்ந்து சிந்திக்கச் செய்யவேண்டிய ஒன்று. தமிழன் தன் மொழியைத் தாலாட்டோடு பெறுகிறான். தாய்மொழி என்னும் சொல்லே அதற்குச் சான்று. செவிப்புலனற்ற குழந்தைக்குத் தாயின் தாலாட்டு உதட்டசைவு மட்டுமே. அக்குழந்தையின் மொழி தாயிடம் இல்லை. விடுதியறையில் மூத்த மாணவனிடமும், பள்ளித் திண்ணையில் உடன்பயிலும் தோழியிடமும், சங்கக் கூட்டத்தில் நரைத்த தலையுடைய பெரியவரிடமும் அது காத்திருக்கிறது. குடும்பத்தில் மேலிருந்து கீழாக இறங்காமல், பிள்ளைகளிடமிருந்து பிள்ளைகளுக்குப் பக்கவாட்டில் பாயும் மொழி இது.

வகுப்பறையில் சைகை தடுக்கப்பட்ட காலத்திலும் இம்மொழி அழியாமைக்குக் காரணம் விடுதிகளே. ஆசிரியர் விளக்கணைத்துச் சென்றபின் நிலவொளியிலும் தெருவிளக்கொளியிலும் கைகள் கதை பேசின. உலகின் பல நாடுகளில் செவிப்புலனற்ற முதியோர் தம் பள்ளி வாழ்வை நினைவுகூருங்கால் இச்செய்தி தவறாமல் இடம்பெறுகிறது. சிற்றூரில் அக்குழந்தை ஒரு வீட்டின் துயரம். விடுதியில் அது பலருள் ஒருவர். கொங்கு நாட்டுத் தோட்டத்துச் சாளைகளைப் போல வீடுகள் தனித்தனியே விலகி நிற்கும் பகுதியில் இவ்வேறுபாடு மேலும் கூர்மையானது. ஊரில் தன்னைப்போல் ஒருவரையும் காணாமல் வளர்ந்த சிறுவன், கோவை ஆர்.எஸ்.புரத்தில் மாநகராட்சி நடத்தும் செவித்திறன் குறையுடையோர் பள்ளி போன்ற ஓரிடத்துக்கு வரும் நாளில் ஒரு நாட்டையே கண்டடைகிறான்.

வராதவனின் நிலை யாது? பிறந்த முதல் சில ஆண்டுகள் மொழிக்கு உரிய பருவம். அப்பருவத்தில் பேச்சும் எட்டாமல் சைகையும் கிட்டாமல் வளரும் குழந்தை, வீட்டார் அமைத்துக்கொண்ட சில குறிகளோடு மட்டும் நின்றுவிடுகிறது. பசி, நீர், வா, போ என்பவற்றுக்குக் குறி உண்டு. நேற்று, நாளை, ஏன், ஒருவேளை என்பவற்றுக்குக் குறி இல்லை. காலமும் காரணமும் அக்குழந்தைக்கு எட்டாப் பொருள்கள் ஆகின்றன. செவியின்மை தானே அறிவைக் குறைப்பதில்லை. மொழி உரிய பருவத்தில் கிட்டாமையே பேரிழப்பு.

கையின் இலக்கணம்

கொங்கு நாட்டில் கையால் பேசுதல் புதிதன்று. அந்தியூர் குருநாதசாமி கோயில் தேர்த்திருவிழாச் சந்தையிலும் கண்ணபுரம் மாட்டுச் சந்தையிலும் தரகர்கள் துண்டுக்கடியில் ஒருவர் விரலை ஒருவர் பற்றி விலை பேசுவர். சுற்றி நிற்போர்க்கு ஒன்றும் விளங்காது. கைமாறும் தொகை இருவருக்கே தெரியும். சோமனூர், பல்லடம் பகுதி விசைத்தறிக்கூடங்களில் தறியோசைக்கு நடுவே கையசைவே பேச்சாகும். அவ்வோசையில் ஆண்டுக்கணக்கில் உழைத்துச் செவி மந்தமானோரும் உளர். ஆயினும் இவை குறிகளே. துண்டுக்கடியில் எண்ணைச் சொல்லலாம். அந்த மாட்டை வளர்த்த தந்தையைப் பற்றிச் சொல்லவியலாது. பரதக் கலையின் முத்திரைகளும் பாடலின் பொருளுக்குத் துணையாக வருவனவே. இரு ஆடல் மகளிர் முத்திரைகளால் மட்டும் அன்றாட வழக்கை உரையாடித் தீர்ப்பதில்லை. சைகை மொழியில் வழக்காடலாம், கணக்குக் கற்பிக்கலாம், பொய் சொல்லலாம், நகையாடலாம், கவிதையும் இயற்றலாம்.

இதனை அறிவுலகத்துக்கு நிறுவியவர் அமெரிக்க அறிஞர் வில்லியம் ஸ்டோக்கோ. ஒலிமொழியில் எழுத்தொலிகள் கூடிச் சொல் ஆவதுபோலச் சைகையில் கைவடிவம், இடம், அசைவு ஆகியவை கூடிச் சொல் ஆகின்றன என்று 1960இல் அவர் காட்டினார். 1965இல் செவிப்புலனற்றோராகிய கார்ல் குரோன்பெர்க், டாரத்தி காஸ்டர்லைன் ஆகிய இருவரோடு சேர்ந்து அமெரிக்கச் சைகை மொழிக்கு ஓர் அகராதி வெளியிட்டார். அவ்வகராதியின் பின்னிணைப்பில் குரோன்பெர்க், செவிப்புலனற்றோரைத் தமக்கெனப் பண்பாடுடைய சமுதாயமாக விவரித்தார். அதே 1965இல்தான் தமிழகம் மொழிக்காகக் கிளர்ந்தெழுந்தது. பொள்ளாச்சியில் துப்பாக்கிச்சூடு நிகழ்ந்தது. தன் மொழி தாழ்த்தப்படுவதன் வலியைக் கொங்கு மண் குருதியால் அறிந்த ஆண்டு அது.

இந்தியச் சைகை மொழியை 1970களின் பிற்பகுதி முதல் ஆராய்ந்தோருள் அமெரிக்க மொழியியலாளர் ஜேம்ஸ் உட்வர்டும், இளமையில் செவிப்புலனை இழந்த இந்தியரான மதன் வசிஷ்டாவும் குறிப்பிடத்தக்கோர். டெல்லி, கொல்கத்தா, மும்பை, பெங்களூர் ஆகிய நகரங்களின் சைகைகளை அவர்கள் ஒப்பிட்டனர். பின்னர் ஜெர்மானிய அறிஞர் உல்ரிக் செஷான் இம்மொழியின் இலக்கணத்தை விரிவாக எழுதினார். சொற்கள் ஊருக்கு ஊர் வேறுபட்டாலும் இலக்கணம் பெரிதும் ஒன்றாகவே இருப்பதை இவர்தம் ஆய்வுகள் காட்டின. இந்திய எல்லைக்கு அப்பால் கராச்சியிலும் அதே இலக்கணம் வழங்கியது. 1947இன் பிரிவினை மண்ணைப் பிரித்தது, இம்மொழியைப் பிரிக்கவில்லை.

இவ்விலக்கணத்தின் சில கூறுகள் புலவர்க்கு இனிப்பவை. கொடுத்தல் என்னும் சைகை கொடுப்பவரிடம் தொடங்கிப் பெறுபவரிடம் முடியும். எழுவாயும் நான்காம் வேற்றுமையும் அந்த ஒரே அசைவில் அடங்கிவிடும். வினாச்சொல் தொடரின் இறுதியில் நிற்கும். புருவம் அவ்வினாவுக்குத் துணை செய்யும். எதிர்மறையும் இறுதியிலேயே வரும். ஆணுக்கு மீசையும் பெண்ணுக்கு மூக்குத்தியும் குறியாகும். பேச்சில் சொற்கள் ஒன்றன்பின் ஒன்றாகத்தான் வர இயலும். சைகையிலோ இரு கைகளும் முகமும் ஒரே கணத்தில் மூன்று செய்திகளைத் தரவல்லன.

பெயரிடும் முறை இன்னும் சுவையுடையது. இச்சமுதாயத்தில் சேரும் ஒவ்வொருவருக்கும் பெற்றோர் இட்ட பெயரோடு ஒரு சைகைப் பெயரும் அமையும். கன்னத்துக் குழி, நெற்றித் தழும்பு, சுருள்முடி, ஓயாத சிரிப்பு என ஏதேனும் ஒன்றைக் கண்டு தோழர்கள் சூட்டுவது அது. சங்கத் தொகைநூல்களில் இயற்பெயர் அறியப்படாத புலவர்களுக்கு அவர்தம் பாட்டில் ஒளிர்ந்த தொடரே பெயராயிற்று. செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார் என்னும் பெயர்கள் அவ்வாறு தோன்றியவை. கண்ணில் நின்ற ஒன்றையே பெயராக்கும் வழக்கம் தமிழருக்கு அயலானதன்று.

பெரியநாயக்கன்பாளையத்து அகராதி

ஒரு மொழிக்கு அகராதி எத்துணை இன்றியமையாதது என்பதைத் தமிழர்க்கு எடுத்துரைக்க வேண்டுவதில்லை. திவாகரம் முதலிய நிகண்டுகளும், 1732இல் வீரமாமுனிவர் இயற்றிய சதுரகராதியும், 1924 முதல் 1936 வரை வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதியும் தமிழின் பெருமையை நிலைநாட்டிய தூண்கள். இவ்வரிசையில் கொங்கு நாட்டின் பங்கு சிறப்புடையது. கல்வி அமைச்சராக இருந்த தி. சு. அவினாசிலிங்கம் 1946இல் தமிழ் வளர்ச்சிக் கழகத்தைத் தோற்றுவித்தார். அதன் கலைக்களஞ்சியம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வெளிவந்தது. அதன் முதன்மை ஆசிரியர் பெ. தூரன், மொடக்குறிச்சியை அடுத்த மஞ்சக்காட்டுவலசில் பிறந்த கவிஞர். அவினாசிலிங்கம் 1930இல் தொடங்கிய இராமகிருஷ்ண வித்தியாலயத்தில் ஆசிரியப்பணி ஆற்றியவர். அவ்வித்தியாலயத்தின் பெரியநாயக்கன்பாளைய வளாகத்துக்கு 1934இல் அடிக்கல் நாட்டியவர் காந்தியடிகள்.

அதே வித்தியாலயத்தின் கல்வியியல் கல்லூரியிலிருந்து 2001இல் இந்தியச் சைகை மொழி அகராதி வெளிவந்தது. 12 மாநிலங்களைச் சேர்ந்த 42 நகரங்களில் வழங்கிய சைகைகளைத் திரட்டி, இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட சைகைகளை அது தொகுத்தளித்தது. அதுவரை பெருநகர் ஒன்றின் சைகைகளுக்குத் தனித்தனிச் சொற்பட்டியல்கள் இருந்தன. நாடு தழுவிய நிலையில் இத்தகைய தொகுப்பில் முன்னோடியாக அமைந்தது கோவையின் முயற்சி. 2005இல் இராமகிருஷ்ண மிஷன் விவேகானந்தர் பெயரில் நிகர்நிலைப் பல்கலைக்கழகம் கண்டபோது, இவ்வளாகத்தின் சிறப்புக் கல்விப் பணிகள் அதன் ஒரு புலமாக வளர்ந்தன. சைகைகள் இணையத்திலும் ஏறின. தமிழுக்குக் கலைக்களஞ்சியம் தந்தவர் பாடம் சொன்ன வளாகமே, செவிப்புலனற்றோரின் மொழிக்குச் சொற்களஞ்சியம் தந்தது.

சைகைக்கு அகராதி செய்தல் எளிய பணியன்று. அசைவை அச்சில் நிறுத்த வேண்டும். படத்தில் கை அசையாது. அம்புக்குறிகளால் அசைவை உணர்த்த வேண்டும். ஒரே பொருளுக்குச் சென்னையில் ஒரு சைகை, இலக்னோவில் வேறொரு சைகை இருப்பின் எதைத் தலைச்சொல்லாகக் கொள்வது? மதுரை வழக்கும் கொங்கு வழக்கும் ஈழ வழக்கும் கண்ட தமிழகராதியாளர் எதிர்கொண்ட சிக்கலே இது. வரிசை முறையிலும் இடர் உண்டு. சைகைக்கு அகரவரிசை இல்லை. ஆங்கிலச் சொல்லின் வரிசையில் அடுக்கினால் அது கேட்போரின் வரிசையாகிவிடும். ஆகவே விலங்கு, உணவு, உறவு, காலம் எனப் பொருள்வகையால் பகுத்தல் சைகை அகராதிகளில் பெருவழக்கு. தேவர்பெயர், மக்கட்பெயர், விலங்கின்பெயர் என வகுத்த திவாகரத்தின் முறையும் இதுவே.

ஓர் ஐயத்தையும் இங்கே எழுப்புதல் தகும். பொதுச்சொல்லை நிலைநாட்டும் அகராதி, வட்டார வழக்கை மெல்ல மறையச் செய்யும். கோவைப் பள்ளிகளில் மூத்த தலைமுறையினர் வழங்கிய சைகைகளுள் எத்தனை, அகராதியின் பொதுச் சைகைக்கு இடம்விட்டு விலகின? கொங்குத் தமிழின் சொற்களைத் தேடித் தொகுத்த புலவர்கள் இவ்வினாவின் கனத்தை உணர்வர். வட்டாரச் சொல்லுக்கு எழுத்தேனும் துணை உண்டு. சைகைக்கு அதை வழங்கிய கைகளே ஏடு. அக்கைகள் ஓய்ந்தால் ஏடும் இல்லை.

2010 என்னும் ஆண்டு

2010ஆம் ஆண்டு ஜூன் 23 முதல் 27 வரை உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாடு கோவையில் நடைபெற்றது. நகரமே தமிழ் முழக்கத்தில் திளைத்தது. அடுத்த மாதமே கனடாவின் வான்கூவர் நகரில் செவிப்புலனற்றோர் கல்விக்கான உலக மாநாடு கூடி, மிலானில் 130 ஆண்டுகளுக்கு முன் நிறைவேறிய தீர்மானங்களை ஏற்க மறுத்து, அவற்றால் விளைந்த தீங்குக்கு வருத்தம் தெரிவித்தது. ஒரு மொழியின் பெருமைக்குக் கூடிய மாநாடும், ஒரு மொழிக்கு இழைத்த அநீதியை ஒப்புக்கொண்ட மாநாடும் ஒரு திங்கள் இடைவெளியில் நிகழ்ந்தன. முன்னதைக் கொங்கு நாட்டார் அனைவரும் அறிவர். பின்னதை அறிந்தோர் மிகச் சிலர்.

அதற்கு முன்பே, ஐக்கிய நாடுகள் அவை 2006இல் ஏற்ற மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கை, சைகை மொழியையும் செவிப்புலனற்றோர் பண்பாட்டையும் பெயர் சுட்டி ஏற்றிருந்தது. இந்தியா 2007இல் அதற்கு ஒப்புதல் அளித்தது. 2015இல் டெல்லியில் இந்தியச் சைகை மொழி ஆராய்ச்சி, பயிற்சி மையம் தோன்றியது. அதன் அகராதி 2018இல் 3,000 சொற்களோடு தொடங்கி 2021இல் 10,000 சொற்களை எட்டியது. பெரியநாயக்கன்பாளையத்தில் ஊன்றிய வித்து போன்ற முன்முயற்சிகள் தழைத்த வளர்ச்சி எனலாம். 2020ஆம் ஆண்டுத் தேசியக் கல்விக் கொள்கை சைகை மொழியைச் செம்மைப்படுத்துதல் பற்றிப் பேசியது. எனினும் அரசமைப்பின் எட்டாம் அட்டவணையில் அதற்கு இடம் கிட்டவில்லை.

கூடிவாழும் வாழ்க்கை

செவிப்புலனற்றோர் கூடும் இடங்களில் சில மரபுகள் உண்டு. பேச அழைப்பதற்குத் தோளைத் தொடுவர். தொலைவிலிருப்பவரை விளக்கை அணைத்தேற்றி அழைப்பர். வட்டமாக நின்றே உரையாடுவர், ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரிய வேண்டும் என்பதால். கைதட்டலுக்கு மாறாக இரு கைகளையும் உயர்த்தி விரித்து அசைப்பர். விடைபெறுதல் நெடுநேரம் நீளும். வீட்டில் ஒருவரும் தம் மொழி அறியாத நிலையில், கூட்டம் கலைவது அவர்களுக்கு மொழியே கலைவது போன்றது. கைப்பேசியில் முகம் பார்த்துப் பேசும் வசதி பெருகியபின் இவ்வேக்கம் ஓரளவு தணிந்தது. சங்கங்களுக்கு நேரில் வரும் இளைஞர் தொகை அதனால் குறைவதாக மூத்தோர் வருந்துவதும் உண்டு.

தொழிலில் இச்சமுதாயம் தன் திறனை மெய்ப்பித்துள்ளது. தையலும் தச்சும் அச்சுக்கோத்தலும் பழைய பள்ளிகள் பயிற்றிய கைத்தொழில்கள். திருப்பூரின் பின்னலாடைத் தொழிலகங்களில் செவிப்புலனற்றோர் தையல் எந்திரங்களின் முன் அமர்ந்து பணிபுரிகின்றனர். விளையாட்டில் மதுரையின் ஜெர்லின் அனிகா, 2022இல் பிரேசிலில் நடந்த செவிப்புலனற்றோர் ஒலிம்பிக்கில் பூப்பந்தாட்டத்தில் மூன்று தங்கப் பதக்கங்கள் வென்றார். பதக்கம் வென்ற நாளில் மட்டும் திரும்பிப் பார்க்கும் சமூகம், மற்ற நாள்களில் மருத்துவமனையிலும் காவல் நிலையத்திலும் வங்கியிலும் இவர்களுக்கு மொழிபெயர்ப்பாளர் ஒருவர் உண்டா என்று எண்ணிப் பார்ப்பதில்லை.

மருத்துவம் ஒரு புதிய வினாவையும் எழுப்பியுள்ளது. உட்செவியில் கருவி பொருத்தும் அறுவை மருத்துவத்தைத் தமிழக அரசின் காப்பீட்டுத் திட்டம் ஏழைக் குழந்தைகளுக்கும் எட்டச் செய்தது. உரிய பருவத்தில் பொருத்தப்பெற்றுத் தொடர்ந்து பயிற்சியும் பெற்ற குழந்தைகள் பலர் பேச்சை அடைந்தனர். இது போற்றத்தக்கது. ஆனால் பேச்சு வரும்வரை சைகை கூடாது எனப் பெற்றோர்க்கு அறிவுறுத்தப்படுமாயின், மிலானின் குரல் மீண்டும் ஒலிப்பதாகவே பொருள். கருவி எல்லாக் குழந்தைகளுக்கும் ஒரே வகையில் பயன் தருவதில்லை. பழுதுற்ற பாகத்தை மாற்றப் பொருளின்றி அதனை எடுத்து வைத்துவிடும் குடும்பங்களும் உண்டு. அந்நாளில் அக்குழந்தைக்குக் கையிலும் மொழி இல்லையேல் எஞ்சுவது யாது? இரு மொழி கற்ற குழந்தை எந்த மொழியிலும் கெட்டுவிடாது. வீட்டில் தெலுங்கும் கன்னடமும் பேசித் தெருவில் தமிழ் பேசும் குடும்பங்கள் நிறைந்த கொங்கு நாட்டுக்கு இதனை எடுத்துக்காட்ட வேண்டியதில்லை.

இலக்கிய அமைப்புகளின் கடன்

கோவை 1970களில் வானம்பாடிகளின் கவிதைக் குரலைத் தமிழுக்கு அளித்த நகரம். மேடையில் உரக்கப் படிக்கப்பட்ட அக்கவிதைகள் செவிவழியே மக்களை அடைந்தன. அம்மேடைக்கு முன்னால் அமர்ந்தும் ஒரு சொல்லும் எட்டாதோர் அதே நகரில் வாழ்ந்தனர். அவர்களுக்கும் ஒரு மொழி இருந்தது.

தமிழ் அமைப்புகள் ஆற்றக்கூடிய பணிகள் சில உள. தம் அரங்குகளில் சைகை மொழிபெயர்ப்பாளர் ஒருவருக்கு இடமளித்தல் முதற்பணி. சங்கப் பாடல்களையும் குறளையும் சைகையில் பெயர்க்கும் முயற்சியைச் செவிப்புலனற்றோரின் தலைமையில் மேற்கொள்ளுதல் இரண்டாவது. கொங்குப் பகுதியின் பழைய பள்ளிகளில் பயின்ற முதியோரின் சைகைகளையும் கதைகளையும் அவர்கள் வாழும் காலத்திலேயே நிகழ்படமாகப் பதிவு செய்தல் மூன்றாவது. மூன்றிலும் விரைந்து செய்ய வேண்டியது இதுவே. ஏட்டுச்சுவடிகள் கரையானுக்கு இரையாகும் முன் ஊர் ஊராக அலைந்து திரட்டிய உ. வே. சாமிநாதையரைத் தமிழுலகம் போற்றுகிறது. கைகளில் எழுதப்பட்ட சுவடிகளைத் திரட்ட முற்படுவோர் அவர் வழியில் செல்பவராவர்.

வெள்ளிவீதியார் அறிந்திருந்ததைப் பின்வந்தோர் மறந்தனர். பெரியநாயக்கன்பாளையத்தில் அது மீண்டும் நினைவுகூரப்பட்டது. அந்நினைவைக் காப்பதும் வளர்ப்பதும் மொழியன்பர் அனைவர்க்கும் உரிய கடன்.